ஒரு தலைக்கட்டு, ஒரு கை

அமெரிக்காவில் பெண்கள் ஓட்டுரிமை வாங்கிய கதையை நான் சம்பளத்துக்குப் படித்தேன். திருத்தங்கல் சாலையில் ஓர் அச்சகத்தில் கம்ப்யூட்டரில் எழுத்து அடிப்பது என் வேலை. காலண்டர், கல்யாணப் பத்திரிகை, வெடிப் பெட்டி லேபிள், கோவில் ரசீது புத்தகம் என்று எது வந்தாலும் அடித்துக் கொடுப்பேன். போன வருடம், தபால் வழியில் பட்டப்படிப்பு படிக்கிறவர்களுக்கான வரலாற்று நோட்ஸ் ஒன்று ஆர்டராக வந்தது. எழுதியவர் ஓய்வு பெற்ற பேராசிரியர். அத்தனையும் கோழிக்கிறுக்கல். ஒரு வரி புரிய மூன்று தடவை வாசிக்க வேண்டியிருந்தது. அப்படி வாசித்ததால்தான் பாடம் மண்டையில் ஏறியது. கையெழுத்து நன்றாக இருந்திருந்தால் விரல் பாட்டுக்கு அடித்துவிட்டுப் போயிருக்கும்.

அப்போது எனக்கு முப்பத்தொன்பது வயது. வீட்டுக்காரர் போய் ஆறு வருடம் ஆகியிருந்தது. எங்கள் பக்கத்தில் ஒருத்தி புருசனை இழந்தவள் என்றால் வெளியூர்க்காரர்கள் உடனே குரலைத் தாழ்த்திக்கொண்டு, "வெடி விபத்தா?" என்று கேட்பார்கள். இல்லை, மஞ்சள் காமாலை என்று சொன்னால் கேட்டவர் முகத்தில் லேசாக ஓர் ஏமாற்றம் தெரியும். எனக்குச் சுர்ரென்று வரும். சிவகாசிப் பக்கத்து ஆண்கள் சாதாரண நோயில் சாகக் கூடாதா என்ன?

எங்கள் தெருவில் ஒரு சமுதாயக்கூடம் உண்டு. தெருக்காரர்கள் சேர்ந்து கட்டியது. காதுகுத்து, சடங்கு, வளைகாப்பு எல்லாம் அங்கேதான். என் வீட்டுச் சுவருக்கும் அதன் சுவருக்கும் நடுவே ஓர் ஆள் ஒருக்களித்துப் போகலாம், அவ்வளவுதான் இடம். அந்தச் சுவரை ஒட்டிப் பாய் விரித்துத்தான் ஒன்பதாவது படிக்கும் என் மகள் பாடம் படிப்பாள், அப்படியே தூங்கியும் போவாள். போன வருடம் கோடையில் ஒரு பட்டாசு வியாபாரி அந்தக் கூடத்தை வாடகைக்குக் கேட்டார். கூடவே கோவிலுக்கு வர்ணம் பூசித் தருவதாகவும் சொன்னார். வெடி எதுவும் வைக்கப் போவதில்லை, வெறும் அட்டைப் பெட்டி அடுக்கத்தான் என்றார். ஊர்த் தலைவருக்கு அப்போதே வாயெல்லாம் பல்.

பக்கத்து வீட்டு அக்காவிடம் இதைச் சொன்னேன். அவள் இருபது வருடமாகப் பட்டாசுக் கம்பெனியில் மருந்து செலுத்தும் வேலை பார்க்கிறவள். கம்பெனி வேனிலிருந்து அப்போதுதான் இறங்கி வந்திருந்தாள். எத்தனை தேய்த்தாலும் போகாத அலுமினியப் பொடி அவள் விரலில் மினுங்கியது.

"மொதல்ல அட்டைப் பெட்டிதான் வரும்," என்றாள். "பெறவு சீசன்ல ஆர்டர் கூடும். வைக்க எடமில்லன்னு ரெண்டு நாளைக்குன்னு சொல்லி வெடி லோட எறக்குவாக. அங்கன இங்கன பாக்காததா? அன்னைக்கு யாரு போயித் தடுக்க?"

அன்றிலிருந்து எனக்குச் சோறு இறங்கவில்லை. மகளை நடு வீட்டில் படுக்கச் சொன்னேன். ஏன் என்று கேட்டாள். புழுக்கம் என்றேன். இரண்டு இடத்துக்கும் எட்டடி தூரம்தான். எட்டடியில் என்ன ஆகிவிடப் போகிறது என்று எனக்கே தெரியும்.

மனுப் போட்டிருக்கலாமே என்று நீங்கள் கேட்கலாம். யோசிக்காமல் இல்லை. தெருவில் பாதிப் பேருக்கு அந்த வியாபாரியை நம்பித்தான் பிழைப்பு. என் கொழுந்தனே அவரிடம் லோடு ஏற்றுகிறவன். நான் மனுப் போட்டு நாலு குடும்பத்தின் வேலை போனால் அந்தத் தெருவில் எப்படித் தலை காட்டுவது? அதோடு வெறும் அட்டைப் பெட்டிக்கு எதிராக என்னவென்று எழுதுவது? ஊர்க்கூட்டத்திலேயே வேண்டாம் என்று முடிவானால் யாருக்கும் பொல்லாப்பு இல்லை. ஆனால் ஊர்க்கூட்டத்தில் எனக்கு இடம் கிடையாது.

எங்கள் ஊரில் எல்லாம் தலைக்கட்டுக் கணக்குதான். கல்யாணமான ஆண் ஒவ்வொருவரும் ஒரு தலைக்கட்டு. திருவிழாவுக்கு அவர் வரி கொடுப்பார், கூட்டம் போட்டால் ஜமுக்காளத்தில் அவர் உட்காருவார், முடிவு எடுக்கும்போது அவர் கை தூக்குவார். புருசன் இல்லாதவள் வீடு அரைத் தலைக்கட்டு. பாதி வரி கொடுத்தால் போதும், கூட்டத்துக்கு வர வேண்டாம், அவளுக்கும் சேர்த்துக் கொழுந்தனோ மச்சானோ பேசிக்கொள்வார்கள். இதை ஒரு சலுகை மாதிரிச் சொல்வார்கள். மற்றப் பெண்கள் கோவில் மதிலுக்குப் பின்னால் நின்று கேட்கலாம். கேட்டுவிட்டு வீட்டுக்குப் போய்ப் புருசனோடு சண்டை போடலாம்.

இந்தக் கவலையோடுதான் பேராசிரியரின் கிறுக்கலோடு மல்லுக்கட்டிக்கொண்டிருந்தேன். அமெரிக்கப் பெண்கள் முதலில் தங்களுக்காகக் கிளம்பவில்லை. மனுசனை மனுசன் விற்கக் கூடாது, குடித்துவிட்டு வந்து பெண்டாட்டி பிள்ளையை அடிக்கக் கூடாது என்று ஊர் நன்மைக்குத்தான் பேசப் போனார்கள். போன இடத்தில், பொம்பளைக்கு எதற்குப் பேச்சு என்றார்கள். அடிமை முறையை ஒழிக்க வேண்டும் என்று கூடிய ஒரு பெரிய மாநாட்டிலேயே, கடல் தாண்டிப் போன பெண்களை ஒரு திரைக்குப் பின்னால் உட்காரவைத்துவிட்டார்களாம். கேட்கலாம், பேசக் கூடாது. அந்த இடத்தில் நான் அடிப்பதை நிறுத்திவிட்டேன். நூற்றைம்பது வருடத்துக்கும் முன்னால், அத்தனை கடலுக்கு அந்தப் பக்கம், எவனோ எங்கள் கோவில் மதிலைக் கட்டி வைத்திருக்கிறான்! சிரிப்பும் வந்தது, ஆத்திரமும் வந்தது.

அதற்குப் பிறகு வேலை ஓடவில்லை, கதைதான் ஓடியது. ஒரு சின்ன ஊர் மாதா கோவிலில் கூடிப் பெண்கள் உரிமைப் பட்டியல் எழுதுகிறார்கள். அதில் ஓட்டும் வேண்டும் என்று ஒருத்தி எழுதியதும் கூட இருந்த பெண்களே பயந்துபோகிறார்கள், நம்மைப் பார்த்து ஊர் சிரிக்கும் என்று. இன்னொருத்தி துணிந்து போய் ஓட்டே போட்டுவிடுகிறாள். கைது செய்து அபராதம் விதிக்கிறார்கள். கட்ட முடியாது, போ என்று சொல்லிவிடுகிறாள். பிறகு வந்தவர்கள் ஜனாதிபதி மாளிகை வாசலில் குளிரில் பேசாமல் பதாகை பிடித்து நிற்கிறார்கள். சிறையில் போட்டால் சாப்பிட மாட்டேன் என்கிறார்கள். மூக்கில் குழாயை விட்டு ஊற்றுகிறார்கள். இப்படி எழுபது வருடத்துக்கு மேல். தொடங்கி வைத்தவர்களில் அநேகமாக யாரும் முடிவைப் பார்க்கவில்லை. எனக்கு எழுபது வருடமெல்லாம் இல்லை. கூடத்தை விடுவதா வேண்டாமா என்று முடிவெடுக்கும் ஊர்க்கூட்டத்துக்குப் பன்னிரண்டு நாள்தான் இருந்தது.

வழி காட்டியது அதே பாடத்தில் வந்த இரண்டு மாட்டுக்காரிகள். கல்யாணம் ஆகாத வயதான சகோதரிகள், சொந்த நிலம், சொந்த மாடு. ஓட்டு இல்லாத எங்களிடம் எந்த உரிமையில் வரி கேட்கிறாய் என்று ஊர் நிர்வாகத்தைக் கேட்டு, வரி கட்ட மறுத்துவிட்டார்கள். வரிக்காரன் வந்து மாடுகளைப் பிடித்துக்கொண்டு போய் ஏலம் விட்டான். அந்த மாடுகள் பழகிய ஆளைத் தவிர யாருக்கும் அடங்கவில்லையாம். எனக்கு அந்தப் பெண்களைவிட அந்த மாடுகளை ரொம்பப் பிடித்தது. மதியச் சாப்பாட்டுக்கு டப்பாவைத் திறந்துவிட்டு அதையே நினைத்துக்கொண்டிருந்தேன். அப்போதுதான் பொறி தட்டியது.

அந்த வருடம் பங்குனிப் பொங்கலுக்கு வரி வசூலித்தபோது ஊர்க் கமிட்டி ஒரு புது ஏற்பாடு செய்திருந்தது. மேளம், சீரியல் செட், கரகாட்டம் என்று செலவு கூடிவிட்டது. பொம்பளைகளும் கம்பெனிக்குப் போய்ச் சம்பாதிக்கத்தானே செய்கிறார்கள், இனி அரை என்று ஒன்று கிடையாது, எல்லோருக்கும் முழு வரி என்று அவர்களாகவே தீர்மானம் போட்டார்கள். ரசீது புத்தகம் எங்கள் அச்சகத்தில்தான் அடித்தது. பழைய ரசீதில் 'முழு', 'அரை' என்று இரண்டு கட்டம் இருக்கும். தலைவரே வந்து என் பக்கத்தில் நின்று, "அந்த அரைக் கட்டத்த எடுத்துரும்மா, வேலை மிச்சம்," என்றார். எடுத்தேன். 'தலைக்கட்டு: ஒன்று' என்று என் கையாலேயே அடித்தேன். பணம் கொடுத்தபோது வயிறெரியக் கொடுத்தேன். அந்தத் தாளுக்கு என்ன அர்த்தம் என்று அன்றைக்கு எனக்கு உறைக்கவில்லை. தலைவருக்கும் உறைக்கவில்லை.

சாயங்காலம் வீட்டுக்கு வந்ததும் அலமாரியைக் குடைந்து ரசீதை எடுத்தேன். பத்திரமாக இருந்தது. பிறகு தெருவில் என்னைப் போல முழு வரி கொடுத்தவர்கள் யார் யார் என்று கணக்குப் போட்டேன். பதிமூன்று பேர். அதில் இரண்டு பேர் வீட்டுக்காரர்கள்தான் வெடியில் போனவர்கள். மற்றவர்களுக்குக் குடி, லாரி, நெஞ்சுவலி, அப்புறம் என் மஞ்சள் காமாலை. கூட்டத்துக்கு முந்தின நாள், சனிக்கிழமை, சம்பளம் வாங்கிக்கொண்டு வந்த கையோடு எல்லோரையும் என் வீட்டுக்குக் கூப்பிட்டேன். ஒரு தாளில் பெயர்களை எழுதினேன். சங்கதியைச் சொன்னேன். மாட்டுக் கதையையும் சொன்னேன்.

உடனே எல்லோரும் கொதித்து எழுந்துவிட்டார்கள் என்று எழுத ஆசைதான். நடந்தது அதுவல்ல. ஒருத்தி, "என் மகளுக்கு மாப்பிள்ளை பாக்குற நேரம், எனக்கு எதுக்கு வம்பு?" என்றாள். ஒருத்தி கொழுந்தனிடம் கேட்டுச் சொல்கிறேன் என்றாள். எனக்கு வந்த கோபத்தில் தாளைக் கிழித்துப் போட்டிருப்பேன். எங்கள் எல்லோருக்கும் மூத்தவள் ஒருத்தி, வெடியில் புருசனைக் கொடுத்தவள், தாளை என் கையிலிருந்து வாங்கிக்கொண்டாள். "எனக்குத் தெரியும் அந்தச் சத்தம்," என்று மட்டும் சொன்னாள். அதன் பிறகு யாரும் வரமாட்டேன் என்று சொல்லவில்லை.

ஞாயிற்றுக்கிழமை காலை, கோவில் முன்னால் கூட்டம். ஆண்கள் ஜமுக்காளத்தில் உட்கார்ந்தாகிவிட்டது. நாங்கள் பதிமூன்று பேரும் ரசீதைக் கையில் பிடித்துக்கொண்டு வந்து ஜமுக்காளத்தின் ஓரத்தில் உட்கார்ந்தோம்.  யாரோ தொண்டையைச் செருமினார்கள். என் கொழுந்தன் என்னைப் பார்க்காமல் வேப்பமரத்தைப் பார்த்தான்.

"என்னம்மா, எல்லாரும் பொறப்பட்டு வந்துருக்கீக?" என்றார் தலைவர். முறைக்கு எனக்கு மாமா. "ஊர்க்கூட்டத்துல பொம்பளைக வந்து உக்காந்தா நல்லாவா இருக்கு?"

நான் ரசீதை அவர் பக்கம் நீட்டினேன். 

"பொம்பளையா வரல மாமா, தலைக்கட்டா வந்துருக்கோம்," என்றேன். "இந்தாங்க, ரசீதுல நீங்களே வாசிச்சுப் பாருங்க."

அவர் தாளை வாங்கித் தூரப் பிடித்தார், கிட்டப் பிடித்தார். கண்ணாடி கொண்டுவரவில்லை. பக்கத்திலிருந்த பொருளாளரிடம் கொடுத்தார். அவர் நல்ல மனுசன், என்ன நடக்கிறது என்று யோசிக்காமல் சத்தமாக வாசித்துவிட்டார். தலைக்கட்டு, ஒன்று. மதிலுக்குப் பின்னால் நின்ற பெண்களிடமிருந்து ஒரு சிரிப்புச் சத்தம் கேட்டது.

தலைவர் லேசில் விடுகிற ஆள் இல்லை. மீசையை நீவினார். "சரி, வந்தது வந்துட்டீக. ரெண்டு பேருக்கு ஒரு கைன்னு வச்சுக்கிருவோம். அரைத் தலைக்கட்டுதான நீங்க?"

நான் வாயைத் திறப்பதற்குள் மூத்தவள் முந்திக்கொண்டாள். "அப்படியே வச்சுக்கிருவோம் தலைவரே. மிச்சம் பாதி வரிய இப்பவே எண்ணி வச்சுருங்க. நாங்க அரையாவே இருந்துட்டுப் போறோம்."

பொருளாளர் தலைவரைப் பார்த்தார். தலைவர் பொருளாளரைப் பார்த்தார். அந்தப் பணம் கரகாட்டமாக ஆடி முடிந்து இரண்டு மாதம் ஆகிவிட்டது. கூட்டத்தில் முதலில் ஒருவர் சிரித்தார், பிறகு எல்லோரும் சிரித்துவிட்டார்கள். சிரித்த பிறகு எங்களை எழுந்து போகச் சொல்ல யாருக்கும் வாய் வரவில்லை. வழக்கமாக எங்கள் ஊரில் கை தூக்குவது பேருக்குத்தான். பெரியவர்கள் நாலு பேர் ஒன்றைச் சொன்னால் மற்றவர்கள் தலையாட்டிவிட்டு டீக்கடைக்குப் போய்விடுவார்கள். அன்றைக்கு ஒவ்வொரு கையாக எண்ண வேண்டியதாகிவிட்டது.

கூடத்தை வாடகைக்கு விடலாம் என்பவர்கள் தூக்கச் சொன்னார்கள். இருபத்தேழு. அதில் என் கொழுந்தன் கையும் இருந்தது, பக்கத்து வீட்டு அக்காவின் வீட்டுக்காரர் கையும் இருந்தது. வேண்டாம் என்பவர்கள் தூக்கச் சொன்னார்கள். ஆண்களில் பத்தொன்பது. அது மட்டும் என்றால் தோற்றிருப்போம். பிறகு நாங்கள். நான் கையைத் தூக்கியபோது அது எனக்குச் சொந்தமான கை மாதிரியே தெரியவில்லை, அவ்வளவு கனத்தது. பொருளாளர் விரலை நீட்டி ஒவ்வொருத்தியாக எண்ணினார். மகளுக்கு மாப்பிள்ளை பார்க்கிறவளும் தூக்கியிருந்தாள், கண்ணை மூடிக்கொண்டு. பதிமூன்று. தலைவர் இன்னொரு தடவை எண்ணச் சொன்னார். இன்னொரு தடவையும் முப்பத்திரண்டுதான் வந்தது.

"சரி, கூடத்த யாருக்கும் விடப் போறதில்ல," என்று தலைவர் துண்டை உதறித் தோளில் போட்டுக்கொண்டு எழுந்தார்.

எனக்கு உடனே சந்தோசம் வரவில்லை. எழுந்து நிற்க முயன்றேன், கால் மரத்துப்போயிருந்தது. மூத்தவள்தான் கைகொடுத்துத் தூக்கிவிட்டாள். வீட்டுக்கு வந்து ஒரு செம்புத் தண்ணீரை அண்ணாந்து குடித்தேன். பாதி சேலையில் ஊற்றிக்கொண்டேன். மகள், "என்னம்மா ஆச்சு?" என்றாள். "பாயத் தூக்கிப் பழைய எடத்துலயே போடு," என்றேன். சொல்லும்போதே அழுகை வந்துவிட்டது. இத்தனை நாளாக அடக்கி வைத்திருந்தது. அவள் பயந்துபோய்ப் பக்கத்தில் வந்து உட்கார்ந்தாள். பயப்படாதே, இது நல்ல அழுகை என்றேன். மதியம் குழம்பில் உப்பு போட மறந்திருந்தேன். அதையும் இரண்டு தட்டுச் சாப்பிட்டேன்.

சாயங்காலம் கொழுந்தன் வந்தான். சண்டைக்கு வந்திருக்கிறான் என்று சேலையைச் செருகிக்கொண்டு வாசலுக்குப் போனேன். அவன் செருப்பைக் கழற்றாமல் படியிலேயே நின்றான்.

"மதினி, தப்பா நினைக்காதீக. கை தூக்கலன்னா மொதலாளி காதுக்குப் போகாம இருக்குமா? அதான் தூக்குனேன்," என்றான். "எம் புள்ளைகளும் இந்தத் தெருவுலதான தூங்குதுக. நீங்க வந்து உக்காந்ததும்தான் எனக்கு மூச்சு வந்துச்சு."

வியாபாரியும் பெரிதாகக் கோபித்துக்கொள்ளவில்லை. ஆனைக்குட்டம் பக்கம் ஊருக்கு வெளியே ஒரு குடோன் பார்த்துக்கொண்டார். யாருக்கும் வேலை போகவில்லை. கோவிலுக்கு வர்ணம் மட்டும் வரவில்லை. அம்மன் பழைய வர்ணத்திலேயே இருக்கிறாள், ஒன்றும் குறை சொல்லவில்லை. கூட்டம் நடந்த அன்றிரவு படுத்ததுதான் தெரியும், விடிந்தபோது காலண்டரில் தாள் கிழிக்கக்கூட நேரமில்லாமல் வேலைக்கு ஓடினேன்.

அன்றைக்குப் பாடத்தின் கடைசிப் பக்கங்கள். சட்டம் வந்துவிட்டது, பெண்கள் ஓட்டுப் போடலாம். எனக்கே கிடைத்தது மாதிரி அடித்துக்கொண்டு போனேன். அதற்கு அடுத்த பத்தியில் பேராசிரியர் வேறொன்றை எழுதியிருந்தார். ஓட்டுக் கேட்டு நடந்த ஒரு பெரிய ஊர்வலத்தில் கறுப்பினப் பெண்களை வரிசையின் கடைசியில் நடக்கச் சொன்னார்களாம், முன்னால் நடந்த வெள்ளைக்காரப் பெண்களே. சட்டம் வந்த பிறகும் தென் மாகாணங்களில் ஏதேதோ பரீட்சை வைத்தும் மிரட்டியும் கறுப்பினப் பெண்களைப் பல பத்து வருடங்கள் ஓட்டுச்சாவடிப் பக்கமே விடவில்லையாம். எனக்குப் பற்றிக்கொண்டு வந்தது. என்ன பொம்பளைகள் இவர்கள், தன் காரியம் ஆனதும் கூட வந்தவளை விட்டுவிட்டார்களே என்று பக்கத்து மிஷின்காரரிடம் சொல்லித் திட்டினேன். அவர் யாரைத் திட்டுகிறேன் என்று புரியாமல் தலையாட்டினார்.

சாயங்காலம் குழாயடியில் பக்கத்து வீட்டு அக்கா நின்றிருந்தாள். நானும் குடத்தோடு போய் நின்றேன். அக்கா என் கன்னத்தைத் தடவித் தன் நெற்றியோரம் விரலை நெட்டி முறித்தாள்.

"ஒன்னாலதான் இன்னைக்கு நிம்மதியா மருந்து செலுத்துனேன். வீட்டுலயும் வெடி, வேலையிலயும் வெடின்னா மனுசி எங்கன போவா?" என்றாள். பிறகு குடத்தைக் குழாய்க்கு அடியில் வைத்துக்கொண்டே சொன்னாள், "இவருகிட்ட அம்புட்டுச் சொல்லியும் கேக்காம கையத் தூக்கிட்டாரு. நீங்க பதிமூணு பேரும் தூக்குனத மதிலு வழியா எட்டிப் பாத்துக்கிட்டே இருந்தேன். எனக்கும் அப்படி ஒரு கை வேணும்னா இவரு சாகணும்ல?"

கோபமாகச் சொல்லவில்லை. சிரித்துக்கொண்டேதான் சொன்னாள். "ஐயோ அக்கா, அவரு நூறு வருசம் இருக்கட்டும்," என்றேன். "இருக்கட்டும், இருக்கட்டும்," என்று அவளும் சொன்னாள். குடம் நிறைந்து வழிந்தது. இடுப்பில் தூக்கி வைத்துக்கொண்டு போய்விட்டாள்.

நான் என் குடத்தை வைக்க மறந்து நின்றேன். சனிக்கிழமை நான் தாளில் பதிமூன்று பெயரை எழுதியபோது அக்காவும் என் வீட்டில்தான் இருந்தாள். எனக்குப் பக்கத்தில் உட்கார்ந்து பூண்டு உரித்துக்கொடுத்தாள். லோடு வந்து இறங்கும் என்று முதலில் சொன்னதே அவள்தான். அவள் பெயரை எழுத வேண்டும் என்று எனக்குத் தோன்றவே இல்லை.